மலைமேல் ஓர் எல்லை: தேவிகுளம், பீர்மேடு, சித்தூர்



கேரள மாநிலத்தின் படத்தை விரித்து நோக்குவோர்க்கு அது மேற்கே அரபிக் கடலுக்கும் கிழக்கே மலைத்தொடருக்கும் இடையில் நீண்டு கிடக்கும் ஒரு கடற்கரை நாடு என்பது எளிதிற் புலனாகும். அந்நாட்டின் கடல் வாயிலைப் பற்றி நாம் நிரம்பக் கேட்டிருக்கிறோம். மிளகு நாடி வந்த யவனரும் அரபியரும், 1498ஆம் ஆண்டில் கோழிக்கோட்டருகே வந்திறங்கிய வாஸ்கோ ட காமாவும் நம் பாடநூல்களில் இடம் பெற்றவர்கள். மலை வாயிலின் வரலாறோ அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. பாலக்காட்டிலிருந்து குமுளி வரையில் செல்லும் அந்தக் கிழக்கு எல்லை எவ்வாறு அமைந்தது, அதற்காக எழுந்த பூசல்கள் யாவை, எல்லை வகுக்கப்பட்ட பின்னர் அங்கே வாழும் மக்களுக்கு நேர்ந்தது என்ன என்பவற்றை இங்கே காண்போம்.

முதலில் நிலத்தின் இயல்பை அறிதல் வேண்டும். மேற்குத் தொடர்ச்சி மலை பெரும்பாலும் இடையறாத மதிலாக நிற்பது. அம்மதிலில் பெரியதொரு வாயில் பாலக்காட்டுக் கணவாய். ஏறத்தாழ 30 கிலோமீட்டர் அகலமுள்ள அவ்வாயிலின் வழியே மேல்காற்று கோயம்புத்தூர்ச் சமவெளிக்குள் புகுகிறது. வண்டியும் வணிகமும் படையும் அவ்வழியே சென்றன. பின்னர் இருப்புப்பாதையும் அவ்வழியே சென்றது. ஹைதர் அலி 1766இல் பாலக்காட்டில் கோட்டை கட்டியதன் காரணம் இதுவே.

கணவாய்க்குத் தெற்கே மலை மீண்டும் எழுகிறது. ஆனைமலையைக் கடந்து சென்றால் தேவிகுளம் வட்டத்து உயர்மலைகள். தென்னிந்தியாவிலேயே மிக உயர்ந்த சிகரமாகிய 2,695 மீட்டர் உயரமுள்ள ஆனைமுடி அங்கேதான் உள்ளது. அதற்குத் தெற்கே உடும்பன்சோலையின் ஏலமலைகள். அவற்றையும் கடந்தால் பெரியாறு பாயும் பீர்மேட்டு நிலம். இம்மலைகளிலிருந்து கிழக்கே இறங்கும் வழிகள் சில உண்டு. சின்னாற்று வழி உடுமலைப்பேட்டைக்கும், போடிமெட்டு வழி போடிநாயக்கனூருக்கும், கம்பம்மெட்டு, குமுளி வழிகள் கம்பம் பள்ளத்தாக்குக்கும் செல்கின்றன.

மலைத்தொடர் ஒன்று இருந்தால் அதன் உச்சியே நாட்டின் எல்லையாகும் என்று நாம் எண்ணுவது இயல்பு. இங்கே அந்த எண்ணம் பொருந்துவதில்லை. தேவிகுளம் வட்டத்து மறையூர், காந்தலூர்ப் பகுதிகள் மழை மறைவிலுள்ளவை; அங்குப் பிறக்கும் பாம்பாறு கிழக்கே ஓடி அமராவதியிற் கலக்கிறது. நீரோட்டம் தமிழ்நாட்டை நோக்கியது. நிலமோ கேரளத்தைச் சேர்ந்தது. இதற்கு நேர்மாறாக, வால்பாறைப் பக்கத்துச் சோலையாறு மேற்கே ஓடிச் சாலக்குடி ஆற்றோடு சேர்கிறது. ஆயினும் வால்பாறை தமிழ்நாட்டைச் சேர்ந்தது. பறம்பிக்குளமோ கேரளத்தின் பாலக்காடு மாவட்டத்தில் இருக்க, அங்குச் செல்லும் வண்டிச்சாலை நெடுங்காலமாகத் தமிழ்நாட்டின் வழியே அமைந்துள்ளது. நீர் பிரியும் கோடு ஒன்று, மொழி பிரியும் கோடு ஒன்று, ஆட்சி பிரியும் கோடு ஒன்று என மூன்று கோடுகள் இம்மலைகளின்மீது ஓடுகின்றன. அவை ஒன்றன்மேல் ஒன்று பொருந்தாமையே இப்பகுதியின் வரலாறு முழுவதற்கும் வித்து எனலாம்.

பழங்காலத்தில் இப்பொருத்தமின்மை எவரையும் பெரிதும் வருத்தியதாகத் தோன்றவில்லை. மறையூரைச் சூழ்ந்த அஞ்சுநாட்டு ஊரார் தமிழ் பேசி, நெல்லும் கரும்பும் பயிரிட்டு, பாண்டி நாட்டோடு கொண்டும் கொடுத்தும் வாழ்ந்தனர். மலையில் வாழும் முதுவர்களும் தம் முன்னோர் மதுரையிலிருந்து வந்தவர்கள் என்றே மரபுரை கூறுவர். மலையின் மேலாட்சியைக் கொண்டிருந்த பூஞ்ஞாற்றுத் தலைவரும் பாண்டிய வழி வந்தவராகச் சொல்லப்படுபவர். வடக்கே சித்தூர் கொச்சி அரசருக்கு உரியதாக இருந்தது. அதைச் சூழ்ந்திருந்த மலபார் ஆங்கிலேயரின் சென்னை மாகாணத்தைச் சேர்ந்தது. சித்தூர்ப் பகவதி கோயிலில் ஆண்டுதோறும் நிகழும் கொங்கன்படை விழா, கொங்கு நாட்டிலிருந்து வந்த படையெடுப்பு முறியடிக்கப்பட்டதை நினைவூட்டுவது. அந்நினைவைக் கொண்டாடும் ஊரிலேயே கொங்குத் தமிழ் பேசும் உழவர்களும் வணிகர்களும் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்து வருகின்றனர். பகையின் நினைவும் அயல் வாழ்வும் ஒரே தெருவில் இருக்கக்கூடும் என்பதற்கு இது சான்று.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இரண்டு ஒப்பந்தங்கள் இம்மலைகளின் தலைவிதியை மாற்றின. முதலாவது, 1877இல் பூஞ்ஞாற்றுத் தலைவர் ஜான் டேனியல் மன்றோ என்னும் ஆங்கிலேயருக்குக் கண்ணன் தேவன் மலைகளைக் குத்தகைக்கு அளித்தது. ஒரு லட்சத்துக்கு மேற்பட்ட ஏக்கர் நிலம் இவ்வாறு தோட்ட முதலாளிகளின் கைக்குச் சென்றது. இரண்டாவது, 1886 அக்டோபர் 29ஆம் நாள் திருவிதாங்கூர் அரசும் ஆங்கில ஆட்சியும் செய்துகொண்ட பெரியாற்று ஒப்பந்தம். இதன்படி 8,000 ஏக்கர் நிலம் 999 ஆண்டுகளுக்குக் குத்தகையாயிற்று. பென்னிகுயிக் பொறியாளரின் மேற்பார்வையில் அணை எழுந்து, 1895இல் திறக்கப்பட்டது. மேற்கே ஓடிக் கடலிற் கலந்த பெரியாற்று நீரில் ஒரு பகுதி மலையைக் குடைந்த சுரங்கத்தின் வழியே கிழக்கே திரும்பி வைகைப் படுகையை அடைந்தது. பஞ்சத்தால் வாடிய மதுரைச் சீமைக்கு அந்நீர் வாழ்வளித்தது என்பதில் ஐயமில்லை.

தேயிலைக்கு ஆள் வேண்டியிருந்தது. மதுரை, திருநெல்வேலிச் சீமைகளின் வறண்ட ஊர்களிலிருந்து கங்காணிகள் ஆட்களைத் திரட்டி மலையேற்றினர். முன்பணம் பெற்றுக்கொண்டு வந்த குடும்பங்கள் லயங்களில் குடியமர்ந்தன. காட்டை வெட்டியவர்களும், கன்று நட்டவர்களும், கொழுந்து பறித்தவர்களும் பெரும்பாலும் தமிழர்களே. விளைந்த தேயிலையும் கிழக்கு நோக்கியே இறங்கிற்று. குண்டளைப் பள்ளத்தாக்கில் சிறிய இருப்புப்பாதை ஒன்று ஓடியது. அதன் முடிவாகிய டாப் ஸ்டேஷனிலிருந்து கம்பிவட வழியே தேயிலைப் பெட்டிகள் கொட்டகுடி அடிவாரத்துக்கு இறக்கப்பட்டுப் போடிநாயக்கனூரை அடைந்தன. கொல்லம் ஆண்டு 1099, அதாவது 1924 ஜூலை மாதத்துப் பெருவெள்ளம் அந்த இருப்புப்பாதையை வாரிக்கொண்டு போயிற்று. பாதை போனபோதிலும் மக்கள் போகவில்லை. தோட்டம் திருவிதாங்கூரில், தாய்மொழி தமிழ், உறவினர் ஊர் சென்னை மாகாணத்தில் என்னும் வாழ்க்கை முறை அதற்குள் வேரூன்றிவிட்டது.

நாடு விடுதலை பெற்றதும் மொழிவழி மாநிலம் என்னும் கேள்வி எழுந்தது. திருவிதாங்கூரின் தமிழர்கள் அதற்கு முன்னரே 1945இன் இறுதியில் நாகர்கோவிலில் ஓர் இயக்கம் கண்டிருந்தனர். அது திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் என்னும் பெயருடன் வளர்ந்தது. மார்ஷல் நேசமணி அதன் முதன்மைத் தலைவரானார். 1949 ஜூலை முதல் நாள் திருவிதாங்கூரும் கொச்சியும் ஒரே ராஜ்யமாக இணைக்கப்பட்டன. தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு, நெய்யாற்றின்கரை, செங்கோட்டை, தேவிகுளம், பீர்மேடு, சித்தூர் ஆகிய ஒன்பது வட்டங்கள் தமிழகத்தோடு இணையவேண்டும் என்பது இயக்கத்தின் கோரிக்கை. சென்னையில் ம. பொ. சிவஞானம் அவர்களின் தமிழரசுக் கழகமும் இக்கோரிக்கைக்காகக் குரல் கொடுத்தது.

1954ஆம் ஆண்டு மிகவும் கடுமையான ஆண்டு. பட்டம் தாணு பிள்ளை தலைமையில் பிரஜா சோஷலிஸ்டுக் கட்சியின் அமைச்சரவை திருவனந்தபுரத்தில் பதவியிலிருந்தது. தேவிகுளம் பகுதியில் கூட்டங்களுக்குத் தடை விதிக்கப்பட்டது. அதனை மீறிய தலைவர்கள் ஜூலை மாதத்தில் கைதாயினர். ஆகஸ்டு 11ஆம் நாள் தெற்கே மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீசார் சுட்டதில் உயிர்கள் பலியாயின. அக்கட்சியின் பொதுச் செயலாளராக இருந்த ராம் மனோகர் லோகியா, மக்கள்மீது துப்பாக்கிச் சூடு நடத்திய தம் கட்சி அமைச்சரவையே பதவி விலகவேண்டும் என்று வற்புறுத்தினார். அமைச்சரவை அப்போது விலகவில்லை. 1955 பிப்ரவரியில் கவிழ்ந்தது.

இதற்கிடையே 1953 டிசம்பரில் மத்திய அரசு அமைத்த மாநிலப் புனரமைப்பு ஆணையம் தன் பணியைச் செய்து வந்தது. பசல் அலி தலைவர்; ஹிருதயநாத் குன்ஸ்ருவும் கே. எம். பணிக்கரும் உறுப்பினர்கள். தேவிகுளத்தில் தமிழ் பேசுவோர் மிகுதி என்பது வழக்கன்று. அந்த மிகுதியின் இயல்பு யாது என்பதே வழக்கு. தோட்ட வேலைக்கு வந்து போகும் மக்களை நிலையான குடிகளாகக் கொள்ளலாமா என்று ஒரு சாரார் வினவினர். மூன்று தலைமுறையாக அங்கேயே பிறந்து அங்கேயே மண்ணாகும் மக்களை வந்து போகிறவர்கள் என்பது எவ்வாறு பொருந்தும் என்று மற்றொரு சாரார் வினவினர். மக்கள் நெருக்கம் மிகுந்த கடற்கரை நாட்டுக்கு மலையின் நிலமும் நீரும் மின்விசையும் இன்றியமையாதன என்னும் வாதமும் வலுவுடன் வைக்கப்பட்டது. மலையிலுள்ள பள்ளிவாசல் மின்நிலையம் 1940 முதலே திருவிதாங்கூருக்கு விளக்கேற்றி வந்தது என்பதை இங்கு நினைவு கூரலாம்.

மொழி ஒன்றையே அளவுகோலாகக் கொள்ளலாகாது என்பது ஆணையத்தின் பொதுக் கொள்கை. 1955 செப்டம்பர் 30ஆம் நாள் அளிக்கப்பட்ட அறிக்கையில் தெற்கே நான்கு வட்டங்களும் செங்கோட்டையும் சென்னைக்கு எனவும், தேவிகுளமும் பீர்மேடும் சித்தூரும் கேரளத்துக்கு எனவும் பரிந்துரைக்கப்பட்டது. 1956 நவம்பர் முதல் நாள் எல்லை நடைமுறைக்கு வந்தது. அன்றுவரை சென்னை ராஜ்யத்தில் இருந்த மலபார் மாவட்டமும் கேரளத்தோடு சேர்ந்தது. 1957 ஜனவரி முதல் நாள் பாலக்காடு மாவட்டம் உருவாகிச் சித்தூரும் அதில் அடங்கிற்று. தேவிகுளம், உடும்பன்சோலை, பீர்மேடு, தொடுபுழை வட்டங்கள் ஒன்று சேர்ந்து 1972 ஜனவரி 26இல் இடுக்கி மாவட்டமாயின.

இத்தகைய பூசல் நமக்கு மட்டும் உரியதன்று. அரபிக் கடலின் மறுகரையில், ஓமான் நாட்டின் தென்கோடியில் தோபார் என்னும் கடற்கரை மாகாணம் உள்ளது. நமக்கு மழை தரும் அதே தென்மேற்குப் பருவக்காற்று ஜூன் முதல் செப்டம்பர் வரையில் அதன் மலைகளையும் நனைக்கிறது. சுற்றிலும் பாலைவனமாக இருக்க, அம்மலைகள் மட்டும் பசுமை பூணுகின்றன. சலாலா முதலிய கடலோர ஊர்களில் அரபு மொழி வழங்க, மலையில் மாடு மேய்ப்போர் தமக்கென வேறொரு பழமையான செமிட்டிக் மொழியைப் பேசுகின்றனர். சாலையும் பள்ளியும் மருத்துவமனையும் மறுக்கப்பட்ட அந்த மக்களிடையே 1965இல் கிளர்ச்சி மூண்டது. அண்டையிலிருந்த தென் ஏமன் கிளர்ச்சியாளர்க்குத் துணை நின்றது. பிரிட்டனும் ஈரானும் சுல்தானுக்குத் துணை நின்றன. 1970 ஜூலையில் காபூஸ் தம் தந்தையை நீக்கிவிட்டு ஆட்சியேற்று, பொதுமன்னிப்பு அறிவித்து, மலைமேல் கிணறுகள் தோண்டவும் பள்ளிகள் திறக்கவும் முற்பட்டார். போரும் தொடர்ந்தது, 1975 டிசம்பரில் முடிவுற்றதாக அறிவிக்கப்பட்டது. பத்தாண்டுப் போரின் அழிவோடு ஒப்பிட்டால், ஓர் ஆணையத்தின் முன் மனுக்களோடு நின்ற நம் மக்களின் வழி எத்துணை மேலானது என்பது விளங்கும். ஆனால் படை வென்ற பின்னரும் கிணறும் பள்ளியும் வேண்டியிருந்தன என்பதையும் அம்மாகாணத்தின் வரலாறு காட்டுகிறது. எல்லைக்கோடு போட்ட பின்னரும் செய்யவேண்டிய கடமைகள் நமக்கும் இருந்தன.

அக்கடமைகளில் ஒன்று நீரைப் பற்றியது. பறம்பிக்குளம்–ஆழியாறு திட்டத்தைக் குறித்து இரு மாநிலங்களும் 1970 மே 29ஆம் நாள் ஒப்பந்தம் செய்துகொண்டு, அதனை 1958 நவம்பர் 9 முதலே செல்லுபடியாக்கின. சித்தூர் வயல்களுக்காக மணக்கடவில் ஆண்டுக்கு 7.25 டி.எம்.சி. நீர் விடப்படவேண்டும் என்பது அதன் விதிகளுள் ஒன்று. கோடைதோறும் முணுமுணுப்புகள் எழுந்தாலும் அவ்வொப்பந்தம் இரு கரை உழவர்களுக்கும் சோறளித்து வருகிறது. பெரியாற்று அணையின் கதை வேறு. அணையின் உறுதி பற்றிய அச்சத்தால் 1979இல் நீர்மட்டம் 136 அடியாகக் குறைக்கப்பட்டது. நீண்ட வழக்குக்குப் பின் 2014 மே 7ஆம் நாள் உச்ச நீதிமன்றம் 142 அடி வரை தேக்கலாம் என்று தீர்ப்பளித்தது. அதற்கு முன்னர், 2011இன் இறுதியில் எல்லையின் இருபுறமும் கலவரம் மூண்டு, குமுளிச் சாலையில் போக்குவரத்து நின்றது. கம்பம் பள்ளத்தாக்கிலிருந்து விடியுமுன் ஜீப்பேறி ஏலத்தோட்டங்களுக்குச் செல்லும் பெண்கள் அந்நாட்களில் வேலையும் கூலியும் இழந்தனர். அணைக்குக் கீழே வாழ்வோரின் அச்சமும் மெய். அணைநீரை நம்பி நாற்று விடுவோரின் கவலையும் மெய். கூலியிழந்தவர்களோ இவ்விரு வழக்கிலும் கட்சிக்காரர் அல்லர்.

மற்றொரு கடமை மொழியைப் பற்றியது. எல்லைகள் மாறிய அதே 1956இல் நம் அரசியலமைப்பில் 350ஏ, 350பி என்னும் பிரிவுகள் சேர்க்கப்பட்டன. தொடக்கக் கல்வியைத் தாய்மொழியில் அளிக்கப் போதிய வசதி செய்தல் முதலாவதின் நோக்கம். மொழிச் சிறுபான்மையினர்க்கென ஒரு தனி அலுவலரை நியமித்தல் இரண்டாவதின் நோக்கம். குறை தீர்க்க வேண்டி எவரும் ஒன்றியத்திலோ மாநிலத்திலோ வழங்கும் எம்மொழியிலும் மனுக் கொடுக்கலாம் என்பது 350ஆம் பிரிவு தரும் உரிமை. ஒரு வட்டாரத்தில் 30 விழுக்காட்டினர் சிறுபான்மை மொழியினராயின் அது இருமொழிப் பகுதியாகக் கொள்ளப்படவேண்டும் என்பதும் அக்காலத்தே ஏற்கப்பட்ட நெறி. கேரளமும் 1969ஆம் ஆண்டு ஆட்சிமொழிச் சட்டத்தில், தமிழரும் கன்னடரும் அரசுடன் தத்தம் மொழியில் எழுதலாம். விடையும் அம்மொழியிலேயே தரப்படும் என்று விதித்தது. இது பாராட்டத்தக்க சட்டம்.

சட்டத்தின் சொல் அலுவலகத்தின் மேசையை அடைவது எளிதன்று. மொழிபெயர்ப்பைத் தொழிலாகக் கொண்ட எனக்கு இதனைச் சற்று விளக்கும் உரிமை உண்டு எனக் கருதுகிறேன். தமிழும் மலையாளமும் உடன்பிறந்த மொழிகள். அதனாலேயே இவற்றுக்கிடையில் பொருள் தடுமாற்றம் மிகுதி. மலையாள ஆவணத்தில் ‘அவகாசம்’ என்றால் உரிமை. தமிழ்த் தொழிலாளியின் காதில் அது தவணை நாளாக ஒலிக்கும். ‘ஆதாரம்’ அங்கே கிரயப் பத்திரம், இங்கே சான்று. ‘கரம்’ அங்கே நிலவரி, இங்கே கை. நாம் பட்டா என்பதை அவர்கள் பட்டயம் என்பர். தமிழர்க்கோ பட்டயம் என்றதும் பழைய செப்பேடு நினைவுக்கு வரும். ஒரு தாளில் இத்தகைய நான்கு சொற்கள் இருந்தால் போதும், கையெழுத்திடுபவர் தாம் எதைப் பெறுகிறார், எதை இழக்கிறார் என்பதை அறியமாட்டார்.

தாள் என்பது மலைத் தோட்டங்களில் வெறும் தாளன்று. பட்டியல் வகுப்பினருக்குரிய சாதிச் சான்றிதழ் பெற, 1950க்கு முன்னரே தம் குடும்பம் அம்மாநிலத்தில் குடியிருந்தது என்று காட்டவேண்டிய நிலை பலருக்கு ஏற்பட்டது. லயத்து வீடு தோட்டத்துக்குச் சொந்தம். ஆதலின் வீட்டு ஆவணம் இல்லை. தாத்தாவின் பெயர் கங்காணியின் கணக்கேட்டில் இருந்திருக்கும். அந்த ஏடு எங்கே என்று எவருக்கும் தெரியாது. எல்லை வகுத்த காலத்தில் ‘வந்து போகிறவர்கள்’ என்று எழுந்த அந்த வாதம், இவ்வாறு பேரப்பிள்ளைகளின் பள்ளிப் படிப்புவரை தொடர்ந்து வந்தது.

ஆயினும் அம்மக்கள் பேசாதிருந்துவிடவில்லை. 2015 செப்டம்பரில் மூணாற்றுத் தோட்டங்களின் பெண்கள், பெரும்பாலும் தமிழ்ப் பெண்கள், 20 விழுக்காடு போனஸ் கேட்டுச் சாலையில் அமர்ந்தனர். தொழிற்சங்கத் தலைவர்களை ஒதுக்கி நிறுத்தித் தாமே பேசினர். ‘பெம்பிளை ஒருமை’ என்னும் பெயரில் அறியப்பட்ட அக்கிளர்ச்சி ஒன்பது நாள் நீடித்தது. கோரிக்கையும் பெரிதும் ஏற்கப்பட்டது. அவர்கள் கேட்டது வேறு மாநிலத்தையன்று. தாம் வாழும் மாநிலத்தில் தமக்குரிய பங்கை. பின்னர் 2020 ஆகஸ்டு 6ஆம் நாள் இரவு பெட்டிமுடியில் மலை சரிந்து லயங்களை மூடியபோது எழுபது பேர் மாண்டனர். அவர்களைத் தேடி மண்ணை அகழ்ந்தவர்களில் மலையாளிகளும் தமிழரும் இருந்தனர். துயரம் கேட்டு எல்லையின் இருபுறமும் அழுதனர்.

எல்லையை மீண்டும் மாற்றவேண்டும் என்ற பேச்சு இன்று வலுவாக இல்லை, அது நன்று. ஆனால் எல்லை மாறாது என்று சொல்லும் உரிமை, எல்லைக்கு உட்பட்டவர்களை நம்மவர் என்று ஏற்கும் கடமையோடு பிறப்பது. தேவிகுளத்துச் சிறுமிக்குத் தமிழ்ப் பாடநூல் பள்ளி திறக்கும் நாளிலேயே கிடைக்கவேண்டும். பீர்மேட்டு மூதாட்டியின் தமிழ் மனுவுக்குத் தமிழில் விடை வரவேண்டும். சித்தூர் உழவனுக்கு மணக்கடவு நீர் உரிய நாளில் வரவேண்டும். அவ்வாறே தமிழ்நாட்டு எல்லைக்குள் வாழும் மலையாளிகளுக்கும் உரியன கிடைக்கவேண்டும். 1956இல் இரு தரப்பினருக்கும் தரப்பட்ட வாக்குறுதி இதுவே. அதனை நிறைவேற்ற ஆணையங்கள் வேண்டியதில்லை. இரு மொழியும் அறிந்த எழுத்தர்களும், தாளைப் படித்துப் பொருள் சொல்லப் பொறுமையுடைய அலுவலர்களும் போதும்.